குரூப் 1 மெயின்ஸ் நவீன வரலாறு: மன்றோ ஒருவரைப் பிடித்துக்கொள்ளுங்கள்

ரிசல்ட் வந்து, பட்டியலில் என் எண்ணைப் பார்த்த பிறகுதான் மூச்சு சீராக வருகிறது. வாழ்த்துச் சொன்னவர்களில் பாதிப்பேர் கேட்டது வரலாற்றுப் பகுதியை எப்படிச் சமாளித்தாய் என்றுதான், ஏனென்றால் டெஸ்ட் பேட்ச் நடந்த காலத்தில் எனக்கு மார்க் இறங்கிய இடம் அதுதான் என்று எல்லோருக்கும் தெரியும். பிரிலிம்ஸ், தமிழ்த் தகுதித்தாள், நேரம் பிரிப்பது பற்றியெல்லாம் நிறையப் பேர் எழுதிவிட்டார்கள், அதற்குள் நான் போகவில்லை. எனக்குச் சொல்ல இருப்பது ஒன்றே ஒன்று. தலைப்பு தலைப்பாகப் படிப்பதை நிறுத்திவிட்டு, ஒரு அதிகாரியின் பணிக்காலத்தை முதல் நாளிலிருந்து கடைசி நாள் வரை படியுங்கள். நான் எடுத்துக்கொண்டது கிழக்கிந்தியக் கம்பெனி காலத்தில் சென்னை கவர்னராக இருந்த தாமஸ் மன்றோ.

நான் போன பயிற்சி மையத்தில் நில வருவாய் என்றாலே மூன்று கட்டம் போட்ட ஒரு அட்டவணை கொடுப்பார்கள். நிலையான நிலவரி (ஜமீன்தாரிடம் மாறாத வரி), காரன்வாலிஸ், வங்காளம், 1793. ரயத்துவாரி (ரயத்து என்ற விவசாயியிடம் நேராக வரி), மன்றோ, சென்னை, 1820. மகல்வாரி (கிராமத்துக்கு மொத்தமாக வரி), ஹோல்ட் மெக்கன்சி, வடமேற்கு, 1822. முடிந்தது. இதைத்தான் அத்தனை பேரும் எழுதுகிறோம், திருத்துகிறவர் எதற்காக உங்களுக்கு மட்டும் கூட இரண்டு மார்க் போட வேண்டும்? அதுவும் தவிர, அந்த 1820 ஆளைக் குழப்புகிற வருடம். அது மன்றோ சென்னை கவர்னரான வருடம். ரயத்துவாரி முளைத்தது அதற்கு ஏறக்குறைய முப்பது வருடம் முன்னால், எங்கள் ஊர்ப் பக்கத்தில். நான் தர்மபுரிக்காரன், பாரமகால் (இன்றைய தர்மபுரி, கிருஷ்ணகிரி பகுதி) என்ற பெயர் எங்கள் வீட்டில் தாத்தா காலத்திலிருந்தே புழங்குகிற பெயர், அதனால் எனக்கு அங்கே ஒரு பிடி கிடைத்தது.

இனி அவர் பணிக்காலம். நான் எப்படி மனதில் வைத்துக்கொண்டேனோ அப்படியே சொல்கிறேன்.

1761இல் கிளாஸ்கோவில் பிறந்தார். அப்பா புகையிலை வியாபாரி, அமெரிக்க விடுதலைப் போரில் வியாபாரம் நொடித்துப்போனது. பையன் 1780இல் சென்னைக்கு கம்பெனிப் படையில் கேடட்டாக வந்து இறங்குகிறார். அதே வருடம் ஹைதர் அலி கர்நாடகத்துக்குள் படையோடு இறங்குகிறார். இரண்டாம் மைசூர்ப் போர், மூன்றாம் மைசூர்ப் போர் எல்லாம் இவருக்குப் பணி அனுபவம். இங்கே ஒன்றைக் கவனியுங்கள், இவர் சிவில் அதிகாரியாக வந்தவரே இல்லை. 1792 உடன்படிக்கையில் திப்பு பாரமகாலையும் சேலத்தையும் விட்டுக்கொடுத்தபோது, சென்னையில் இருந்த சிவிலியன்களுக்கு நாட்டு மொழி தெரியாது என்று கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ் ராணுவ அதிகாரிகளை அனுப்பினார். தலைவர் அலெக்சாண்டர் ரீட், அவருக்குக் கீழே மன்றோ, கிரஹாம், மெக்லியாட். ரயத்துவாரி பற்றி எழுதும்போது ரீட் பெயரை எழுதாமல் விடாதீர்கள். வயலை அளந்து, ரயத்தோடு நேராகக் கணக்குப் பேசி வரி விதிக்கும் வேலை ரீட் தலைமையில்தான் தொடங்கியது, அதைக் கொள்கையாக வளர்த்து ஊன்றியவர் மன்றோ.

1799இல் திப்பு விழுந்ததும் மன்றோவைக் கன்னடக் கடற்கரைக்கு, அதாவது கனராவுக்கு கலெக்டராக அனுப்பினார்கள். அவருக்கு அங்கே பிடிக்கவில்லை. 1800இல் நிஜாம் கம்பெனிக்குக் கொடுத்த மாவட்டங்களுக்கு மாற்றல்: பெல்லாரி, கடப்பா, இன்றைய அனந்தபூர், கர்னூல் பக்கம். அங்கே ஏழு வருடம். பாளையக்காரர்களை அடக்கியது, நிலத்தை அளந்தது இரண்டும் அந்தக் காலத்தில்தான். 1807இல் ஊருக்குக் கிளம்பும் முன் அவர் எழுதிய கடிதத்தை நான் திரும்பத் திரும்பப் படித்தேன். ரயத்துவாரியை நிரந்தரமாக்குங்கள், ஆனால் அளவையில் நிர்ணயித்த வரியில் 25 சதவீதம் குறையுங்கள் என்கிறார். தான் விதித்த வரி அதிகம் என்று விதித்தவரே எழுதி வைத்திருக்கிறார். ரயத்துவாரியின் குறைகளை எழுதச் சொன்னால் இதைவிட வலுவான சான்று வேண்டியதில்லை.

அப்புறம் நடந்தது அட்டவணையில் வரவே வராது. மன்றோவுக்கு ஆதரவாக இருந்த கவர்னர் வில்லியம் பென்டிங்க், 1806 வேலூர்ப் புரட்சி காரணமாக 1807இல் திருப்பி அழைக்கப்பட்டார். மன்றோவும் போய்விட்டார். வருவாய் வாரியத்தில் ஹாட்ஜ்சன் போன்றவர்கள் கிராமக் குத்தகை முறையைக் கொண்டுவந்தார்கள், முதலில் மூன்று வருடம், பிறகு பத்து வருடம். இன்னொரு பக்கம் 1802 ஒழுங்குமுறைச் சட்டத்தால் நிலையான நிலவரி சென்னை மாகாணத்துக்கு வந்து, எங்கள் சேலம் பாரமகால் பகுதியிலேயே நிலத்தை மிட்டாக்களாக (சின்ன ஜமீன்களாக) கூறுபோட்டு ஏலம் விட்டார்கள். ரயத்துவாரி தொடங்கிய மண்ணிலேயே மிட்டாதார்! இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை, உண்மையாகவே சொல்கிறேன். மிட்டா என்ற வார்த்தையை எங்கள் ஊரில் கேட்டிருக்கிறேன், அது எங்கிருந்து வந்தது என்று அதுவரை யாரும் சொல்லித் தரவில்லை.

மன்றோ இங்கிலாந்தில் சும்மா இருக்கவில்லை. 1812 ஐந்தாம் அறிக்கை (கம்பெனி நிர்வாகம் பற்றிய நாடாளுமன்றக் குழு அறிக்கை), 1813 சாசனச் சட்டத்துக்கு முந்தைய நாடாளுமன்ற விசாரணையில் சாட்சியம் என்று அங்கேயே ஆட்களைத் தன் பக்கம் திருப்பி, 1814இல் நீதித்துறை ஆணையத்தின் தலைவராகத் திரும்பி வருகிறார். 1816இல் புது ஒழுங்குமுறைகள்: கிராம முன்சீப், பஞ்சாயத்து, போலீசும் மாஜிஸ்திரேட் அதிகாரமும் கலெக்டர் கைக்கு. 1817-18 மராத்தியப் போரில் மறுபடி ராணுவத்துக்குப் போய் பாதாமி, பெல்காம், சோலாப்பூர். 1820இல் கவர்னர். 1827 ஜூலை 6, தன் பழைய மாவட்டங்களுக்கு விடைபெறப் போன இடத்தில், பத்திகொண்டாவில், காலராவில் இறந்தார்.

சரி, இதனால் என்ன பயன்? இந்த ஒரு ஆளிடமிருந்து எங்கெங்கே கிளை பிரிகிறது என்று நான் போட்டு வைத்தது:

- நான்கு மைசூர்ப் போர்களில் மூன்று, கடைசி மராத்தியப் போர். தேதிகளைத் தனியாக மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை.
- வேலூர்ப் புரட்சி, பென்டிங்க். சதி என்ற உடன்கட்டை ஏறுதலை 1829இல் தடைசெய்த அதே பென்டிங்க்.
- காரன்வாலிஸ் வருவாயையும் நீதியையும் 1793இல் பிரித்தார், மன்றோ 1816இல் மாஜிஸ்திரேட் அதிகாரத்தைக் கலெக்டரிடம் சேர்த்தார். அரசியலமைப்பு உறுப்பு 50 (நீதித்துறையை நிர்வாகத்திலிருந்து பிரிப்பது) பற்றி எழுதும்போது முன்னுரை இதுதான்.
- கல்வி. 1822இல் எல்லா கலெக்டர்களிடமும் பள்ளிக் கணக்கு கேட்டார், 1826 குறிப்பில் 12,498 பள்ளிகள் என்று வருகிறது. ஆங்கிலக் கல்வி பற்றிய 1835 மெக்காலே குறிப்போடு வைத்து எழுதலாம்.
- பத்திரிகைச் சுதந்திரம். 1822இல் மன்றோ கூடாது என்றார், 1835இல் தற்காலிக கவர்னர் ஜெனரல் மெட்காஃப் கட்டுப்பாட்டை நீக்கினார்.
- 1948 எஸ்டேட் ஒழிப்புச் சட்டம். ஜமீன் நிலங்களை ரயத்துவாரியாக மாற்று என்பதே அந்தச் சட்டம். பொருளாதாரத் தாளில் நிலச் சீர்திருத்தத்துக்கு இங்கிருந்துதான் தொடங்கினேன்.

மெயின்ஸில் மாகாண நிர்வாகம் பற்றிய கேள்வியைப் பார்த்ததும் பேனா நிற்கவே இல்லை. விடையை விளக்கத்தில் தொடங்காமல் பாரமகால் 1792 என்று தொடங்கினேன். பக்கத்து மேஜையில் இருந்தவர்கள் என்ன எழுதினார்கள் என்று தெரியாது, ஆனால் அந்த விடை என் சொந்த விடை என்று எழுதும்போதே தெரிந்தது.

ஒரு எச்சரிக்கை. மன்றோவைப் படிக்கப் படிக்க அவர் மேல் ஒரு பிரியம் வந்துவிடும். ராயலசீமாவில் அவரை மன்றோலப்பா என்று கொண்டாடியிருக்கிறார்கள், இந்தியர்களை உயர் பதவிகளிலிருந்து ஒதுக்கிவைப்பது அவர்களைச் சீரழிக்கும் என்று 1824இல் எழுதியிருக்கிறார், கூடாரம் போட்டுக்கொண்டு ஊர் ஊராகச் சுற்றியவர். இதெல்லாம் உண்மை. ஆனால் விடைத்தாளில் புகழ்மாலை வேண்டாம். அவர் வேலை கம்பெனிக்கு வரி வசூலித்துக் கொடுப்பது. ரயத்து சுதந்திரமாக இருந்தான் என்று காகிதத்தில் இருந்தது, நடைமுறையில் வரிச்சுமை அவனை விடவில்லை. வரிக்காக மக்களை அடித்து வதைத்தது பற்றி விசாரிக்கச் சென்னையில் ஒரு சித்திரவதை ஆணையமே அமைத்தார்கள், அறிக்கை 1855. அந்த ஆணையம் அமைந்ததன் பின்னணியில் 1852இல் கஜுலு லட்சுமிநரசு செட்டி தொடங்கிய சென்னைவாசிகள் சங்கத்தின் மனுக்கள் இருக்கின்றன. இந்த இடத்துக்கு வந்தால் விடை தானாகவே தேசிய இயக்கத்துக்குள் நுழைந்துவிடும். நான் எப்போதும் புகழ் பாதி, குற்றச்சாட்டு பாதி என்று எழுதவில்லை, குற்றச்சாட்டுக்கே அதிக வரிகள் கொடுத்தேன். எனக்கு அதுதான் நியாயமாகப் பட்டது.

பண்பாட்டுப் பகுதிக்கு இதே முறையில் எல்லிஸை எடுத்துக்கொள்ளுங்கள். பிரான்சிஸ் வைட் எல்லிஸ், 1810 முதல் சென்னை கலெக்டர். 1812இல் புனித ஜார்ஜ் கோட்டைக் கல்லூரி, 1816இல் தென்னிந்திய மொழிகள் தனிக் குடும்பம் என்ற வாதம் (கால்டுவெலுக்கு நாற்பது வருடம் முன்னால்), திருக்குறள் உரை, வள்ளுவர் உருவம் போட்ட காசு, 1819இல் ராமநாதபுரத்தில் மரணம். மிராசு உரிமை (பரம்பரை நில உரிமை) பற்றியும் எழுதியிருக்கிறார். மன்றோ தனி ரயத்தைப் பார்த்தார், எல்லிஸ் கிராமத்தின் கூட்டு உரிமையைப் பார்த்தார். இந்த இரண்டு பேரையும் ஒரே பத்தியில் எதிரெதிரே நிறுத்தினால் பதினைந்து மார்க் கேள்விக்கு வேறு எதுவும் தேவைப்படாது.

விட வேண்டியவை: மன்றோ சிலைக்கு அங்கவடி இல்லை என்ற கதை, மந்திராலயத்தில் ராகவேந்திரர் அவருக்குக் காட்சி தந்தார் என்ற கதை, மன்றோவின் குடும்ப விவரம். படிக்க நன்றாக இருக்கும், மார்க் வராது.

இந்த முறை எல்லோருக்கும் ஒத்துவருமா என்று கேட்டால், எனக்குக் கதையாக இருந்தால்தான் மண்டையில் ஏறும், வரிசை எண் போட்ட குறிப்புகள் மறுநாளே போய்விடும். அட்டவணை ஒத்துவருகிறவர்கள் அதையே வைத்துக்கொள்ளுங்கள், அதில் 1820க்குப் பக்கத்தில் 1792 என்று மட்டும் ஒரு கட்டம் சேர்த்துவிடுங்கள்.

நேர்காணலுக்குப் போகிறவர்கள் சொந்த மாவட்டத்து நிலவரி வரலாற்றை ஒரு பக்கத்துக்கு எழுதி வைத்துக்கொள்ளுங்கள், ஜமீனா, மிட்டாவா, ரயத்துவாரியா, இனாமா என்று. துணை கலெக்டர் பதவி கேட்டுப் போகிறோம், பட்டாவும் ஜமாபந்தியும் எங்கிருந்து வந்தன என்று கேட்டால் விழிக்கக் கூடாது. என்னிடம் தர்மபுரி பற்றித்தான் முதலில் கேட்டார்கள், ரீட் பெயரைச் சொன்னதும் ஒரு உறுப்பினர் நிமிர்ந்து உட்கார்ந்து அடுத்த இரண்டு கேள்விகளையும் அதிலேயே கேட்டார். அந்த ஒரு பக்கத்தை இப்போதே எழுதத் தொடங்குங்கள், மெயின்ஸ் முடிந்த பிறகு என்று தள்ளிப்போடாதீர்கள்.