நார்கோலெப்சி பரிசோதனை: லேபுக்குப் போகும் முன்பே முடிவாகிவிடும் விஷயங்கள்

பகலில் பத்து நிமிடம் கண்ணயர்ந்தால் அரை நாள் நீளத்துக்கு ஒரு கனவு. எழுந்ததும் காலையா மாலையா என்று புரியாது. வங்கிக்குப் பேசி முடித்த விஷயம் கனவில்தான் நடந்தது என்று இரண்டு நாள் கழித்துத் தெரியவரும். இதைச் சொன்னால் சோம்பேறித்தனம் என்கிறார்கள், சிலரை மனநோய் மாத்திரைவரை கொண்டுபோய் விட்டுவிடுகிறார்கள். பகலில் அடக்க முடியாமல் தூக்கம் வரும் நார்கோலெப்சி என்ற நோய் உள்ளவர்களுக்கு இது சர்வசாதாரணம். 2014இல் வெளியான ஓர் ஆய்வில், நோயாளிகளில் 83 சதவீதம் பேர் கனவை நிஜமென்று நம்பிய அனுபவம் உண்டு என்றார்கள். நோய் இல்லாதவர்களில் அது 15 சதவீதம்தான்.

வழக்கமாகக் கனவு நிறைந்த ரெம் தூக்கம், தூங்கி சுமார் 90 நிமிடம் கழித்துத்தான் வரும். நார்கோலெப்சியில் சில நிமிடங்களிலேயே வந்துவிடும். பாதி விழிப்பில் கனவு புகுந்துவிடுவதால்தான் நேரம் குழம்புகிறது, அமுக்குவான் பேய் என்று ஊரில் சொல்லும் அசைய முடியாத நிலையும் அதனால்தான். சிரிக்கும்போது முழங்கால் துவண்டு போகிறதா என்று டாக்டர் கேட்பார். "ஆமாம்" என்றால் அது மிகப் பெரிய தடயம், மறக்காமல் சொல்லுங்கள்.

இதற்கான பரிசோதனையில், தூக்க லேபில் ஓர் இரவும் மறுநாள் பகலும் உங்கள் தூக்கத்தைப் பதிவு செய்வார்கள். அதற்கு முந்தைய இரண்டு வாரம்தான் முக்கியம். படுத்த நேரம், எழுந்த நேரம், பகல் தூக்கம், காபி, டீ, மாத்திரை எல்லாவற்றையும் தினமும் குறியுங்கள். கனவுக்குத் தனிப் பத்தி வைத்து, எழுந்ததும் கடிகாரம் பார்த்து மணியோடு எழுதுங்கள். சந்தேகம் வந்தால் போனில் அழைப்புப் பட்டியலையும் மெசேஜையும் பார்த்து, நடந்ததா இல்லையா என்று பக்கத்திலேயே எழுதுங்கள். ஞாபகத்தை நம்பி இதைத் தீர்க்க முடியாது. நைட் ஷிப்டில் இருப்பவர்களுக்கும் தூக்கம் பாக்கி உள்ளவர்களுக்கும் நோய் இல்லாமலே பாசிட்டிவ் வரலாம். அந்த இரண்டு வாரமாவது லீவு போட்டு இரவில் முழுசாகத் தூங்குங்கள்.

மனச்சோர்வுக்கான மாத்திரைகள் ரெம் தூக்கத்தை அடக்கும். அதனால் நோய் இருந்தும் நெகட்டிவ் வரலாம். பொதுவாக இரண்டு வாரம் முன்பே நிறுத்தச் சொல்வார்கள், அவற்றில் ஃப்ளூவாக்செட்டின் என்ற மாத்திரை உடம்பை விட்டுப் போக இன்னும் அதிக நாளாகும். டாக்டர் சொல்லாமல் நீங்களாக நிறுத்தவே கூடாது. திடீரென்று விட்டால் துவண்டு விழுவது கடுமையாகத் திரும்பும்.

போகிற அன்று தலைக்குக் குளித்துவிட்டுப் போங்கள், எண்ணெய் கூடவே கூடாது. எண்ணெய்ப் பிசுக்கில் எலெக்ட்ரோடு (சிக்னல் எடுக்கத் தோலில் ஒட்டும் வயர் முனை) ஒட்டாது, நடுராத்திரியில் கழன்றால் அந்த நேரப் பதிவு வீண். தலை, கண்ணோரம், தாடை, கால் என்று வயர் ஒட்டுவார்கள், நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் பெல்ட். பிறகு டெக்னீஷியன் "கண்ணை மட்டும் இடது, வலது பாருங்க, பல்லைக் கடிங்க" என்பார். சிக்னல் சரியாக வருகிறதா என்று பார்ப்பதற்குத்தான் அது. இரவுப் பதிவில் மூச்சுத்திணறல் இல்லையென்று உறுதியாக வேண்டும், ஆறு மணி நேரமாவது தூங்கியிருக்க வேண்டும். இல்லாவிட்டால் மறுநாள் சோதனையை நம்ப முடியாது.

மறுநாள் எழுந்து ஒன்றரை முதல் மூன்று மணி நேரத்துக்குள் முதல் குட்டித் தூக்கம், பிறகு இரண்டு மணி நேரத்துக்கு ஒன்றாக மொத்தம் ஐந்து. இருட்டு அறையில் 20 நிமிடம் தருவார்கள். தூங்கிவிட்டால் அங்கிருந்து 15 நிமிடம் பதிவு ஓடும். அன்று காபி, டீ கிடையாது. இடைவேளையில் கட்டிலில் சாயவே கூடாது. இதுதான் படாத பாடு, கூட ஒருவர் இருந்து பேச்சுக் கொடுத்தால் தேவலை. ஒவ்வொரு முறையும் எழுந்ததும் "தூங்கினீங்களா, கனவு வந்ததா?" என்று கேட்டால் தோன்றியதைச் சொல்லுங்கள். தூங்கவே இல்லை என்று நினைத்த முறைகூடப் பதிவில் தூக்கமாக இருக்கும்.

சராசரியாக 8 நிமிடத்துக்குள் தூக்கம் பிடித்து, இரண்டு தடவையாவது 15 நிமிடத்துக்குள் ரெம் வந்தால் நார்கோலெப்சிக்கான அளவு. முந்தைய இரவு அப்படி வந்திருந்தால் அதுவும் ஒன்றாகக் கணக்கு. ரிப்போர்ட்டில் ஐந்து முறைக்குமான நிமிடக் கணக்கையும் கேட்டு வாங்குங்கள். ஒரு தடவை நெகட்டிவ் என்றாலும் அறிகுறி வலுவாக இருந்தால் திரும்ப எடுக்கலாம். அப்போது டாக்டர் ஒப்பிட்டுப் பார்க்க அந்த நிமிடங்களும் உங்கள் டைரியும் வேண்டும்.