விரலை விட்டுப் பார்த்த கயிறு

டோக்கியோவில் ஒச்சனோமிசு ரயில் நிலையத்துக்கு அருகிலுள்ள மெய்ஜி பல்கலைக்கழக அருங்காட்சியகத்தின் நிரந்தரக் கண்காட்சிக்குக் கட்டணம் இல்லை என்பதே என்னை முதலில் உள்ளே இழுத்தது. குற்றவியல் பிரிவில், தப்பியோடுபவரின் கிமோனோக் கையைச் சிக்கவைத்து மடக்க எடோ காலக் (1603–1868) காவலர்கள் ஏந்திய முள்கழிகளையும் கவைக்கோல்களையும் பார்த்தபோது, அன்று மாலை நான் காணவிருந்த, உடலைக் கயிற்றால் கட்டும் ஜப்பானியக் கலையான 'கின்பகு' இவ்வளவு கடுமையான மண்ணிலா முளைத்தது என்று சற்றுத் தயங்கினேன்.

கைதிகளைக் கட்டும் 'ஹோஜோஜுட்சு' அக்காலத்தில் ஒரு போர்க்கலை. கைதி நழுவக் கூடாது, காயப்படக் கூடாது, கட்டும் நுட்பம் பிறருக்குத் தெரியக் கூடாது, கட்டு கண்ணுக்கு அழகாகவும் இருக்க வேண்டும் என்பவை அதன் விதிகளாகச் சொல்லப்படுகின்றன. அந்தக் கடைசி விதியைப் பிடித்துக்கொண்டு, அதைச் சிற்றின்ப ஓவியத்துக்கும் ஒளிப்படத்துக்கும் கொண்டுவந்தவர் ஓவியர் இட்டோ செய்யு (1882–1961). கருவுற்றிருந்த மனைவியைத் தலைகீழாகத் தொங்கவிட்டு அவர் எடுக்கவைத்த படத்தை என்னால் கலை என்று ஏற்க இயலவில்லை.

மாலையில் சென்றது ஷின்ஜுகுவில் தாதாமிப் பாய் விரித்த ஒரு சிறு மாடி அறை. கட்டுபவர் ஐம்பதைக் கடந்தவர். கட்டப்பட்டவர் பருத்தி யுகாதா அணிந்த, அவருடன் பல ஆண்டுகள் பழகிய பெண்மணி. எதற்கு உடன்பாடு, எதற்கு இல்லை என்பதை இருவரும் முன்பே பேசி முடித்திருந்தனர். 6 மில்லிமீட்டர் தடிமனுள்ள சணல் கயிறு, பிசிறைத் தீயில் பொசுக்கி எண்ணெய் தடவிப் பதப்படுத்தியது. பக்கத்தில் வந்தபோது நம் ஊர் அரிசிச் சாக்கின் வாசம் அடித்தது.

அதை இரண்டாக மடித்து நடுவிலிருந்து தொடங்கினார். ஒவ்வொரு சுற்றுக்கும் பின் கயிற்றுக்கும் துணிக்கும் இடையே விரலை விட்டு ஓட்டிப் பார்த்தார். மேற்கையின் வெளிப்புறத்தில் நரம்பு எலும்பை ஒட்டிச் செல்வதால், அங்கே அழுத்தம் கூடினால் மணிக்கட்டு தொய்ந்துவிடும் என்று சொல்லி, தன் இரு விரல்களைப் பிடித்து இறுக்கும்படி அந்தப் பெண்மணியிடம் சொன்னார். நானோ முடிச்சுகளை எண்ணிக்கொண்டிருந்தேன்; மிகச் சிலவே இருந்தன. கட்டைத் தாங்கியது இழுவைதான். ஓர் இழுப்புக்கும் அடுத்ததற்கும் நடுவே அவர் அசையாமல் அந்தப் பெண்மணியின் மூச்சைக் கவனித்த இடைவெளியை ஜப்பானியர் 'மா' என்கிறார்கள்.

கட்டியதைவிட நிதானமாகவே அவிழ்த்தார். அந்தப் பெண்மணி மணிக்கட்டில் பதிந்திருந்த புரித் தடத்தைத் தேய்த்தபடி பார்லித் தேநீர் அருந்த, அவர் கயிற்றின் முறுக்கை நீவி மடித்துத் துணிப்பையில் வைக்கும்வரை அறையில் ஒருவரும் எழவில்லை.