தெல்மா ரிட்டர் வரும் காட்சிகள்

பழைய ஹாலிவுட் படங்களை விரும்பிப் பார்க்கும் நண்பர்களிடம் தெல்மா ரிட்டர் என்ற பெயரைச் சொன்னால் பலரும் சற்று யோசிப்பார்கள். 'ரியர் விண்டோ' படத்தில் கால் முறிந்து கிடக்கும் கதாநாயகனுக்கு உடம்பு பிடித்துவிட வரும் அந்த நர்ஸ் என்றால் உடனே முகம் மலர்ந்துவிடும். குணச்சித்திர நடிகர்கள் பலருக்கும் நேர்வது இதுதான் என்றாலும், ரிட்டரின் விஷயத்தில் எனக்கு அது சற்று அநியாயமாகவே படுகிறது.

1902ஆம் ஆண்டு நியூயார்க்கின் புரூக்ளினில் பிறந்த அவர், மேடையிலும் வானொலியிலும் நடித்துவிட்டு, 45 வயதில்தான் திரைக்கு வந்தார். 1947இல் வெளியான 'மிராக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்' படத்தில், மகன் கேட்ட பொம்மையைத் தேடிக் கால் ஓய்ந்து, கிறிஸ்துமஸ் தாத்தாவிடம் எரிந்து விழும் ஒரு தாயாகச் சில நிமிடங்களே வருகிறார். பெயர்ப் பட்டியலில் அவர் பெயர் கூட இல்லை. ஆயினும் கடை கடையாக ஏறி இறங்கிய ஒரு பெண்ணின் களைப்பு அந்தக் குரலில் அப்படியே இருக்கிறது. டுவென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனம் அவரை ஒப்பந்தம் செய்துகொண்டதில் வியப்பில்லை.

அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் பணிப்பெண், செவிலி, தாய் ஆகிய வேடங்களே. வசனகர்த்தாக்கள் அவருக்கு நக்கலான வரிகளை எழுதித் தந்தார்கள். அவரோ அந்த நக்கலை, உலகத்தை நிறையப் பார்த்துவிட்ட ஒருத்தியின் கணிப்பாக மாற்றிவிடுவார். 1950இல் வந்த 'ஆல் அபவுட் ஈவ்' படத்தில், புகழ்பெற்ற நாடக நடிகை ஒருவரைத் தேடி வரும் இளம் ரசிகை ஈவ் தன் சோகக் கதையைச் சொல்லி அறையிலிருந்த அத்தனை பேரையும் உருக்கிவிட்ட பிறகு, அந்த உருக்கத்தை ஒரே வரியில் கலைப்பவர், அந்த நடிகையின் பணிப்பெண்ணாக ரிட்டர் நடித்த பேர்டிதான். தன் எஜமானியின் ஒவ்வொரு அசைவையும் ஈவ் பாடம் படிப்பதுபோல் கவனித்துக்கொண்டிருக்கிறாள் என்பதை முதலில் கண்டுகொள்பவளும் அவளே. இவ்வளவு கூர்மையான ஒரு பாத்திரத்தைப் பாதிப் படத்துக்குப் பிறகு திரைக்கதை ஏறக்குறைய மறந்தே விடுகிறது. எல்லோரும் மெச்சும் அந்தத் திரைக்கதையில் எனக்குள்ள பெரிய மனக்குறை இதுதான்.

அவருடைய உண்மையான உயரத்தைக் காண வேண்டுமானால் சாமுவேல் ஃபுல்லர் இயக்கிய 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்' (1953) படத்தைப் பார்க்க வேண்டும். அதில் வரும் மோ, கழுத்துப் பட்டி விற்றுத் திரியும் முதியவள். போலீசாருக்குத் துப்பு விற்பது அவளுடைய இன்னொரு தொழில். பிக்பாக்கெட் அடித்த விதத்தை விவரித்தாலே இன்னார் கைவேலை என்று சொல்லக்கூடியவள், அதிகாரியிடம் காய்கறிக்காரி போலப் பேரம் பேசுவாள். அவள் காசு சேர்ப்பதற்குக் காரணம் ஒன்றே: அநாதைப் பிணமாகப் பொதுக் குழியில் போய்ச் சேராமல், சொந்தமாக வாங்கிய இடத்தில் கல்லறைக் கல்லோடு அடக்கமாக வேண்டும். படத்தின் முன்பாதியில் நாம் சிரிப்பதும் இந்த ஆசையைக் கேட்டுத்தான்.

பின்பு ஒரு நாள் இரவு, விற்பனை முடிந்து அலுத்துப்போய் அறைக்குத் திரும்பும் அவளிடம், ஒரு பிக்பாக்கெட்காரனின் இருப்பிடத்தைக் கேட்டுக் கொலையாளி வருகிறான். இதுவரை யாரைப் பற்றியும் விலைக்குச் சொன்னவள், இவனுக்கு மட்டும் சொல்ல மறுக்கிறாள். அந்தக் காட்சியில் ரிட்டர் அழுவதில்லை, வீரமும் காட்டுவதில்லை. வயதும் வலியும் ஏறிய உடம்பு இனிப் போதும் என்று முடிவுசெய்துவிட்டதை மட்டும் சொல்கிறார். கேமரா அவரை விட்டு விலகி, பாடிக்கொண்டிருக்கும் கிராமபோன் பக்கம் போகிறது. துப்பாக்கிச் சத்தத்தை மட்டுமே நாம் கேட்கிறோம்.

இந்த வேடத்துக்கும் அவருக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. 1950 முதல் 1953 வரை வந்த படங்களுக்கு ஆண்டுதோறும் ஒன்று, பிறகு 'பில்லோ டாக்' (1959), 'பேர்ட்மேன் ஆஃப் அல்கட்ராஸ்' (1962) என மொத்தம் 6 முறை துணை நடிகைப் பிரிவில் அவர் பெயர் இடம்பெற்றது. ஒருமுறை கூடப் பரிசு வரவில்லை. இத்தனைக்கும் 1955இல் நடந்த விழாவின் நியூயார்க் மேடையைத் தொகுத்து வழங்கியவரே அவர்தான். நாடக உலகம் அவ்வளவு கஞ்சத்தனம் காட்டவில்லை. 'நியூ கேர்ள் இன் டவுன்' இசை நாடகத்துக்காக, உடன் நடித்த க்வென் வெர்டனோடு 1958இல் டோனி விருதைப் பகிர்ந்துகொண்டார்.

1969இல் அவர் மறைந்தார். அவரை நகைச்சுவைக்கு மட்டுமே உரியவராக நினைத்திருப்பவர்கள் 'பேர்ட்மேன் ஆஃப் அல்கட்ராஸ்' படத்தையும் ஒருமுறை பார்க்கலாம். சிறையிலிருக்கும் மகனுக்காகப் போராடிய தாய், அவன் வாழ்வில் இன்னொரு பெண் வந்ததும் எப்படிக் கல்லாகிப் போகிறாள் என்பதை, வழக்கமான நக்கல் ஒரு துளியும் இல்லாமல் அவர் அதில் நடித்திருக்கிறார்.