டோனி பென்னெட்டுக்கு நான் வைத்த தலைப்பு

2023 ஜூலை 21, வெள்ளி ராத்திரி. அமெரிக்கப் பாடகர் டோனி பென்னெட் இறந்த செய்தி வந்திருந்தது. வெளிநாட்டுப் பக்கத்தில் ஒரு பத்தி அகலத்தில் பன்னிரண்டு வரிக்குத்தான் இடம் இருந்தது. டெஸ்க்குக்குப் புதிதாக வந்திருந்த பெண் எழுதிக் கொடுத்த செய்திக் காப்பி அதைப்போல மூன்று மடங்கு. வெட்டினேன். அதில் வருத்தமில்லை, அது என் வேலை. தலைப்புதான் இன்னும் உறுத்துகிறது: 'நினைவை இழந்த பாடகர் மறைவு'.

திரையைப் பார்த்துவிட்டு அந்தப் பெண் கேட்டார், "சார், எழுபது வருஷம் பாடினவரு. நோய் கடைசி ஏழு வருஷம்தானே?"

"அதுதான்மா கண்ணுல படும்."

அவர் வேறு ஒன்றும் சொல்லவில்லை. பக்கம் அச்சுக்குப் போய்விட்டது.

நான் செய்தது சரிதான் என்று எத்தனையோ தடவை எனக்கு நானே சொல்லிப் பார்த்திருக்கிறேன். 2016-இல் கண்டுபிடித்த அல்சைமர் மறதி நோயை 2021 பிப்ரவரியில் குடும்பமேதான் வெளியில் சொன்னது. அதே வருஷம் ஆகஸ்ட் 3, அவருடைய 95-வது பிறந்தநாளில், நியூயார்க் ரேடியோ சிட்டி அரங்கில் பாடகி லேடி காகாவோடு மேடையேறினார். சுற்றி நடப்பது மறந்துபோகிற ஒருவர் பாட்டு வரியை மறக்காமல் நின்று பாடினார் என்றால் அது செய்தியில்லையா? செய்திதான். ஆனால் நான் வைத்த தலைப்பில் அவர் பாடியது எங்கே இருக்கிறது? இழந்தது மட்டும்தானே இருக்கிறது.

வெட்டியவற்றில் ஒன்று அப்படியே மனசில் நிற்கிறது. அவருக்குப் பியானோ வாசித்த ரால்ஃப் ஷரோன், கைக்கு வந்த ஒரு பாட்டின் இசைத்தாளை சட்டைகள் வைக்கும் இழுப்பறையில் போட்டுவிட்டு மறந்தே போயிருக்கிறார். சான் ஃபிரான்சிஸ்கோ பக்கம் கச்சேரிக்குக் கிளம்பும்போது, சட்டைகளுக்கு நடுவில் அது கையில் தட்டுப்பட்டது. 1962-இல் இசைத்தட்டாக வந்து, கடைசிவரை பென்னெட்டின் அடையாளமாகவே ஆகிப்போன 'ஐ லெஃப்ட் மை ஹார்ட் இன் சான் ஃபிரான்சிஸ்கோ' அதுதான். இரண்டு வரியில் எவ்வளவு அழகாக எழுதியிருந்தார் அந்தப் பெண்! ஒரே தட்டில் அழித்தேன்.

இன்னொன்றையும் அழித்தேன். ராக் இசை வந்து பழைய பாட்டுகளை ஓரங்கட்டிய நேரம், இப்போது ஓடுவதைப் பாடு என்று இசைத்தட்டு கம்பெனி நெருக்க, அப்படி ஒரு தட்டைப் பாடிக் கொடுத்தார்; 1970-இல் அது வெளியானது. அதைப் பாடப் போகும்போது வயிற்றைப் புரட்டியது என்று அவரே பின்னால் சொல்லியிருக்கிறார். அப்புறம் கம்பெனியை விட்டார், கடன், போதை, கையில் ஒப்பந்தம் இல்லாத வருஷங்கள். மகன் டானி நிர்வாகத்தை ஏற்ற பிறகு, பாட்டையும் மாற்றாமல் கோட்டு சூட்டையும் மாற்றாமல் அதே மனிதரை இளைஞர்கள் முன்னால் கொண்டுபோய் நிறுத்தினார்கள். 1994-இல் எம்டிவி இசைச் சேனலின் மேடையில் பாடியது அடுத்த வருஷம் ஆண்டின் சிறந்த ஆல்பத்துக்கான கிராமி விருது வாங்கியது. 'ஓடுறதைப் பாடு' என்று சொன்னவர்களுக்கும், 'கண்ணுல படும்' என்று சொன்ன எனக்கும் என்ன வித்தியாசம் என்று யோசித்தால் பதில் வரமாட்டேன் என்கிறது.

பன்னிரண்டு வரிதான் சார், வேறு என்ன செய்ய முடியும் என்று யாராவது சொன்னால் ஒத்துக்கொள்வேன். தலைப்பில் நாலே சொல், அதை மாற்ற இடம் தடையில்லை என்பதும் எனக்குத் தெரியும்.

அந்தப் பெண் இப்போது வேறு பத்திரிகையில் இருக்கிறார். அவருடைய முழு காப்பி இன்னும் என் மெயிலில் இருக்கிறது. போன மாதம் இன்னொரு பாடகர் இறந்த செய்தி வந்தபோது, அவர் என்ன பாடினார் என்று பார்ப்பதற்கு முன்னால், எந்த நோயில் போனார் என்றுதான் என் கண் தேடியது.