சொந்த விமானம்: மணிக்கு என்ன ஆகும் என்று நான் போட்ட கணக்கு

செஸ்னா 172 என்ற சிறு விமானம், பழையது ஒன்று விலைக்கு வந்தது. வாங்குவதற்கு முன் ஒரு மணி நேரம் பறக்க எவ்வளவு ஆகும் என்று தாளும் பேனாவுமாக உட்கார்ந்தேன். எரிபொருள் மணிக்குச் சுமார் 32 லிட்டர். அப்புறம் ஆயில், ஹாங்கர் (விமானம் நிறுத்தும் கொட்டகை) வாடகை, இன்சூரன்ஸ், வருடாந்திரப் பரிசோதனை. ஆண்டுச் செலவுகளை 120 மணி நேரத்தால் வகுத்து எரிபொருளோடு கூட்டியதில் வாடகை விமானத்தைவிட மலிவாக வந்தது.

தாளை மெக்கானிக்கிடம் காட்டினேன். அவர் தொகைகளைப் பார்க்கவே இல்லை. "இந்த 120 எங்கிருந்து சார் வந்தது? போன வருஷம் எவ்வளவு பறந்தீங்க?" என்று கேட்டார். பறந்த நேரத்தைக் குறித்து வைக்கும் என் லாக்புக்கைப் புரட்டிக் கூட்டினேன். 58. விமானம் பறந்தாலும் நின்றாலும் ஹாங்கருக்கும் இன்சூரன்ஸுக்கும் ஒரே பணம்தான். 60ஆல் வகுத்ததும் அந்தப் பங்கு அப்படியே இரட்டிப்பானது.

அடுத்தது இன்ஜின். அதில்தான் அதிக நேரம் செலவழித்தேன், அதற்குத் தகுதியான இடமும் அதுதான். இதிலுள்ள லைகாமிங் ஓ-320 இன்ஜினுக்கு 2,000 மணி அல்லது 12 ஆண்டு, எது முதலில் வருகிறதோ அப்போது ஓவர்ஹால் செய்ய, அதாவது முழுவதும் பிரித்துப் புதுப்பிக்கச் சொல்கிறது தயாரித்த நிறுவனம். ஓவர்ஹால் செலவை 2,000ஆல் வகுத்து எழுதியிருந்தேன். ஆனால் இந்த இன்ஜினில் 1,350 மணி ஏற்கெனவே ஓடியாகிவிட்டது. அதை ஓட்டியவர் எனக்காகப் பணம் சேர்த்து வைக்கவில்லையே! மீதி 650 மணிதான். அதிலும் ஓவர்ஹால் ஆகி ஒன்பது ஆண்டு முடிந்திருந்தது. தனியார் பயன்பாட்டுக்குப் பல நாடுகளில் இந்த வரம்பு பரிந்துரை மட்டுமே. அதனால் இன்னும் ஐந்து ஆண்டு ஓடும், ஆண்டுக்கு 60 மணி, மொத்தம் 300 என்று வைத்துக்கொண்டேன். இன்ஜின் பழசு என்று விலையில் குறைத்த தொகையைக் கழித்துவிட்டு மீதியை 300ஆல் வகுத்தேன். வந்த எண், எரிபொருள் செலவுக்குப் பக்கத்தில் வந்து நின்றது.

மீட்டர் விஷயத்திலும் ஒரு தவறு செய்திருந்தேன். ஓடிய மணியை எண்ண விமானத்தில் இரண்டு மீட்டர். ஹாப்ஸ் மீட்டர் கடிகாரம் மாதிரி ஓடும். டாக் மீட்டர் இன்ஜின் சுற்றும் வேகத்தைப் பொறுத்து ஓடும், விமானம் தரையில் ஊர்ந்து போகும்போது மெதுவாகத்தான் நகரும். ஒரு பயணத்தில் ஹாப்ஸ் 1.2 காட்ட, டாக் 1.0தான் காட்டியது. பராமரிப்புக் கணக்கு டாக்கில், எரிபொருள் கணக்கு ஹாப்ஸில் என்று இரண்டையும் கலந்து வைத்திருந்தேன். எல்லாவற்றையும் டாக்குக்கு மாற்றினேன்.

சரி, வாங்கிவிட்டேன். ஆனால் மொத்த எண்ணை மனதில் வைத்துக்கொண்டே ஹாங்கர் கதவைத் திறந்தால் பறக்கவே மனம் வரவில்லை. இரண்டு வார இறுதிகள் சும்மா போயின. அப்புறம் தாளைப் பிரித்து எழுதினேன். விமானத்தை வைத்திருக்கலாமா என்பதற்கு மொத்த எண். இன்று பறக்கலாமா என்பதற்கு எரிபொருள், ஆயில், இன்ஜின் பங்கு, இவ்வளவுதான். ஹாங்கர் வாடகை ஏற்கெனவே கட்டியாகிவிட்டது. அதோடு இந்த இன்ஜினில் வால்வுகளைத் திறக்கும் தண்டான கேம்ஷாஃப்ட் மேலே இருப்பதால், நிறுத்தியே வைத்தால் ஆயில் வடிந்து துருப்பிடிக்கும். பறப்பது இன்ஜினுக்கும் நல்லது.

முதல் ஆண்டு 84 மணி, அடுத்த ஆண்டு 96. மணிக்கான செலவு நான் நினைத்ததைவிடக் குறைந்தே வந்தது. ஆனால் இரண்டாம் ஆண்டில் ஒன்று தப்பிவிட்டது. இன்ஜினுக்குத் தீப்பொறி தரும் மேக்னெட்டோவை 500 மணிக்கு ஒருமுறை கழற்றிப் பார்க்க வேண்டும், இன்ஜின் 1,500 மணியைத் தொட்டதும் அந்தச் செலவு வந்து நின்றது. என் தாளில் அதற்கு வரியே இல்லை. இப்போது இன்ஜின் 1,530இல் இருக்கிறது. மேக்னெட்டோவுக்குத் தனி வரி போட்டு, பக்கத்தில் 2,000 என்று எழுதி வைத்திருக்கிறேன்.