செலவு போக மிச்சம்

"அப்போ மிச்சம் எவ்வளவு மிஸ்?"

கேட்டது எட்டாம் வகுப்புப் பெண். பெல் அடிக்க நாலைந்து நிமிடம்தான் இருந்தது. "நிறைய மிச்சம் இருக்கும்மா, கவலைப்படாதே" என்றேன். அவள் தலையாட்டிவிட்டு உட்கார்ந்துவிட்டாள். இது நடந்து இரண்டு வருடம் ஆகப்போகிறது. நான் சொன்னது தப்பு. தெரியாமல் சொல்லியிருந்தால் எப்போதோ மறந்திருப்பேன். விடை எனக்கு அந்த நிமிடமே தெரியும்.

பள்ளிக்கூடங்களுக்குப் போய்க் கடலைப் பற்றிப் பேசுவது என் வேலையில் ஒரு பகுதி. ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர் பக்கம்தான் அதிகம் போவேன். ஒரு மைக்ராஸ்கோப், காலையில் வலை போட்டு அலசி எடுத்த கடல் தண்ணீர் ஒரு பாட்டில், சுருட்டிய போஸ்டர் ஒன்று. போஸ்டரில் நீல நிறத்தின் மேல் பெரிய எழுத்தில் ஒரே வரி: "நீங்கள் இழுக்கும் இரண்டு மூச்சில் ஒன்று கடல் கொடுத்தது." அந்த வரியை எழுதியது நான்தான். பத்துப் பதினைந்து வரி எழுதிப் பார்த்து, மற்றதையெல்லாம் அடித்துவிட்டு இதை வைத்தேன். வகுப்பில் இதைச் சொன்னதும் பிள்ளைகள் எல்லோரும் ஒரு முறை மூச்சை இழுத்துப் பார்ப்பார்கள். அதைப் பார்க்க அவ்வளவு சந்தோஷமாக இருக்கும்.

அன்றைக்கும் அப்படித்தான் இழுத்தார்கள். அதற்கு முன்னால் மைக்ராஸ்கோப்பில் பார்க்க வரிசையில் வந்தபோது அந்தப் பெண் மட்டும் கண்ணை எடுக்கவே இல்லை. பின்னால் நின்றவர்கள் இடித்தார்கள். "இடியாப்ப அச்சு மாதிரி இருக்கு மிஸ்" என்றாள். நான் குனிந்து பார்த்தேன். கொசினோடிஸ்கஸ், கடலில் மிதக்கும் ஒரு நுண்பாசி. வட்டமான கண்ணாடித் தட்டு, அதில் ஓரத்திலிருந்து நடுவரைக்கும் ஒழுங்காகக் குழி குழியாக, உள்ளே பழுப்பும் மஞ்சளுமாகச் சின்னச் சின்னப் பொட்டுகள். அந்தப் பொட்டுகளில்தான் வெயிலைப் பிடித்து உணவு சமைக்கும் வேலை நடக்கிறது, ஆக்சிஜன் வெளியே வருகிறது. எத்தனையோ வருடமாக இதைப் பார்க்கிறேன், எனக்கு இடியாப்ப அச்சு தோன்றியதில்லை. இனி வேறு மாதிரி பார்க்கவும் முடியாது.

பேச்சு முடிந்து சந்தேகம் கேட்கச் சொன்னபோது எழுந்தாள்.

"மிஸ், கடல்ல இருக்குற மீனும் மூச்சு விடும்ல? நண்டு, இறா எல்லாமே?"

"ஆமா."

"அப்போ அதுங்க எடுத்தது போகத்தானே நமக்கு வரும்? எங்க அப்பா போட்டு போயிட்டு வந்தா டீசலு, ஐசு, கூட வந்தவங்க பங்கு எல்லாம் கழிச்சுட்டுத்தான் அம்மா கையில குடுப்பாரு. ஏலத்துல வர்ற காசு வேற, வீட்டுக்கு வர்ற காசு வேற. அப்போ மிச்சம் எவ்வளவு மிஸ்?"

இந்தக் கேள்வியை எனக்கு எந்தப் பெரியவரும் கேட்டதில்லை. கல்லூரிகளில் பேசியிருக்கிறேன், அதிகாரிகள் உட்கார்ந்த கூட்டங்களில் பேசியிருக்கிறேன். எல்லோரும் பாதி என்றதும் வியந்துவிட்டு அடுத்ததற்குப் போய்விடுவார்கள்.

உண்மையான பதில், கிட்டத்தட்ட ஒன்றும் மிச்சம் இல்லை.

உலகத்தில் நடக்கும் ஒளிச்சேர்க்கையில் ஏறக்குறைய பாதி கடலில் நடக்கிறது என்பது நிஜம். மொத்தத் தாவர எடையில் ஒரு சதவீதம்கூடத் தேறாத நுண்பாசிகள் அந்தப் பாதியைச் செய்கின்றன என்பதும் நிஜம். ஆனால் அவற்றின் ஆயுள் சில நாட்கள். அதற்குள் ஏதாவது ஒன்று தின்றுவிடும், இல்லாவிட்டால் செத்து மட்கும். தின்றதும் மூச்சு விடுகிறது, மட்கவைக்கும் பாக்டீரியாவும் மூச்சு விடுகிறது. விளைந்த ஆக்சிஜன் அங்கேயே செலவாகிவிடும். மட்காமல் அடிச்சேற்றில் புதைந்துபோகும் துளியூண்டு பாசிக்கு ஈடான ஆக்சிஜன் மட்டும்தான் கணக்கில் மிஞ்சும். காட்டுக்கும் ஏறக்குறைய இதே கணக்குதான். இன்று காற்றில் இருக்கும் 21 சதவீதம் பழைய சேமிப்பு. சுமார் 240 கோடி ஆண்டுகளுக்கு முன்னால் நீலப்பச்சைப் பாசிகள் ஆரம்பித்து வைத்தது, துளித்துளியாகச் சேர்ந்தது. நாளைக்கே கடலில் ஒளிச்சேர்க்கை நின்றாலும் நம் ஆயுளில் மூச்சு முட்டாது. அதற்கு வெகு முன்னால் பட்டினி வந்துவிடும். அது வேறு கதை.

இவ்வளவையும் நாலு நிமிடத்தில் சொல்ல முடியாது என்றுதான் எனக்கு நானே முதலில் சொல்லிக்கொண்டேன். அது உண்மையும்கூட. தலைமை ஆசிரியை வாசலில் நின்றுகொண்டிருந்தார். நாற்பது பிள்ளைகள். "மிச்சம் ஒன்றும் இல்லை" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கிளம்பினால், கடலால் நமக்கு ஒன்றும் வருவதில்லை என்று வீட்டில் போய்ச் சொல்வார்கள். அந்த நிலையில் யாராக இருந்தாலும் அப்படித்தான் சமாளித்திருப்பார்கள்.

ஆனால் "நல்ல கேள்வி, அடுத்த தடவை வந்து சொல்றேன்" என்று சொல்ல நாலு நிமிடம் தேவையில்லை. நாலு விநாடி போதும். அதை ஏன் சொல்லவில்லை என்று யோசித்தால், போஸ்டர் என் பக்கத்திலேயே தொங்கிக்கொண்டிருந்தது. அது நான் எழுதிய வரி. அவள் அதன் அடியிலேயே கை வைத்துவிட்டாள்.

ஆபீசில் மூத்தவர் ஒருவரிடம் சொன்னேன். பாதி வாழ்க்கையை ஆய்வுக் கப்பலில் கழித்தவர். "ஒரு வரி மனசுல நின்னா போதும்மா. மத்ததைப் பெரிய கிளாஸ் போனா படிச்சுக்குவாங்க" என்றார். அவர் சொன்னதைத் தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. நானும் பள்ளியில் யாரோ சொன்ன ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு இந்த வேலைக்கு வந்தவள்தான். அந்த வரி முழுச் சரியா என்று அன்று யார் பார்த்தார்கள்?

அப்புறம் ஒரு நாள் பேருந்துக்காக நிற்கும்போது தோன்றியது. அந்த வரியை நான் யாருக்காக எழுதினேன்? மாதத்துக்கு ஒரு முறை மெரினாவுக்கு வந்து சுண்டல் சாப்பிட்டுப் போகிற பிள்ளைக்கு, கடல் உன் மூக்குக்குள்ளும் இருக்கிறது என்று சொல்வதற்காக. அதைத் தூக்கிக்கொண்டு கடலே சோறு போடும் வீட்டுப் பிள்ளையிடம் போனேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலத்தில் விசைப்படகுகள் கரையில் கட்டிக் கிடக்கும்போது அந்தத் தெருக்களில் கடன் எப்படி ஏறும் என்று அவளுக்குத் தெரியும். கடல் முக்கியம் என்று அவளுக்கு யாரும் எடுத்துச் சொல்ல வேண்டாம். அவள் கேட்டது கணக்கு. கணக்குக் கேட்டவளுக்கு நான் ஆறுதல் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.

அவள் கணக்கு சரி என்பதற்கு அத்தாட்சி நம் வாசலிலேயே இருக்கிறது என்பதுதான் இன்னும் உறுத்துகிறது. வங்கக் கடலில் கொஞ்சம் ஆழம் போனால், சில நூறு மீட்டர் தடிமனுக்கு ஆக்சிஜன் கிட்டத்தட்ட இல்லாத ஒரு அடுக்கு இருக்கிறது. மேலே விளைந்தது செத்து கீழே இறங்கும்போது மட்கி, அங்கே இருக்கிற ஆக்சிஜனைத் தின்றுவிடுகிறது. கங்கையும் பிரம்மபுத்திராவும் கொண்டுவந்து கொட்டும் நல்ல தண்ணீர் லேசானது என்பதால் மேலே மூடி மாதிரி நின்றுவிடும். மேல் தண்ணீரும் கீழ்த் தண்ணீரும் எளிதில் கலக்காது. அதனால் செலவானது திரும்ப நிரம்புவதில்லை. அவளுடைய அப்பா போகிற அதே கடல். இதை வைத்தே அவளுக்கு அழகாகச் சொல்லியிருக்கலாம். "நீ சொன்னது சரி, இதோ பார், கீழே பற்றாக்குறையே இருக்கிறது" என்று.

இப்படி நான் அவளுக்குச் சொல்லாத பதில்களை எத்தனை தடவை சொல்லிப் பார்த்திருப்பேன் என்று எனக்கே கணக்கில்லை. ஒவ்வொரு தடவையும் "மிச்சம் ஒண்ணும் இல்லம்மா, ஆனா" என்று ஆரம்பிக்கும். அந்த ஆனாவுக்கு அப்புறம் வருவதுதான் மாறும்.

பெரும்பாலும் வெயிலில் ஆரம்பிப்பேன். மே மாதம் பதினோரு மணி, பன்னிரண்டு மணிக்குக் கடல் காற்று உள்ளே வந்துவிட்டால் சென்னை பிழைத்தது. அது இரண்டு மணி வரை வராத நாளில் எப்படி இருக்கும் என்று அவளுக்கும் தெரியும். அதே வேலையைக் கடல் உலகம் முழுவதற்கும் செய்கிறது. நாம் கரியும் எண்ணெயும் எரித்துப் பூமியில் கூடுதலாகத் தேக்கிய வெப்பத்தில் 90 சதவீதத்துக்கு மேல் கடல் வாங்கி வைத்திருக்கிறது. நாம் வெளியே விடும் கார்பன் டை ஆக்சைடில் ஏறக்குறைய கால் பங்கும் அங்கேதான் போகிறது. அப்புறம் மழை. நம் ஊருக்கு வருடத்தில் பெய்யும் மழையில் பாதிக்கு மேல் அக்டோபர் முதல் டிசம்பருக்குள், வங்கக் கடலைத் தாண்டி வரும் வாடைக்காற்று கொண்டுவருவது. 2019இல் ஏரிகள் வற்றி, ஜோலார்பேட்டையிலிருந்து ரயிலில் தண்ணீர் வந்தபோது அவள் சின்னப் பிள்ளையாக இருந்திருப்பாள். குடத்தோடு லாரிக்கு நின்றது நினைவிருக்கும். அந்த வருடமும் மீஞ்சூரிலும் நெம்மேலியிலும் கடல் தண்ணீரைச் சுத்தம் செய்து நமக்குக் குழாயில் விட்டார்கள்.

இத்தனை இருக்கும்போது எதற்காக மூச்சைப் போய்ப் பிடித்தேன்? மூச்சு என்றால் உடனே உடம்பில் உறைக்கும். வெப்பத்தை வாங்கி வைப்பது என்றால் உறைக்காது. அவ்வளவுதான் காரணம். அது அவ்வளவு மோசமான காரணம் என்றும் எனக்குத் தோன்றவில்லை.

வாங்கி வைப்பதற்குக் கடல் கொடுக்கும் விலையையும் அவளுக்குச் சொல்லியிருக்க வேண்டும். சூடான தண்ணீரில் ஆக்சிஜன் குறைவாகத்தான் கரையும். 1960 முதல் 2010 வரை உலகக் கடல்களில் இருந்த ஆக்சிஜனில் சுமார் 2 சதவீதம் குறைந்துவிட்டது. நமக்கு மூச்சு முட்டாது, மீனுக்கு முட்டும். அவள் கேள்வியில் முதலில் வந்ததே மீனின் மூச்சுதான். நான்தான் அதை நம்முடைய மூச்சாகவே கேட்டேன்.

போஸ்டரை மாற்ற முடியுமா என்று கேட்டுப் பார்த்தேன். அச்சடித்தது இன்னும் தீரவில்லை என்றார்கள், அதுவும் நியாயம். சரி என்று என் பேச்சை மாற்றினேன். "உலகத்தில் உண்டாகும் ஆக்சிஜனில் பாதி கடலில் உண்டாகிறது. அதில் பெரும்பங்கைக் கடலே செலவழித்துவிடும். நாம் சுவாசிப்பது பழைய சேமிப்பு." இப்போது எல்லாப் பள்ளியிலும் இப்படித்தான் சொல்கிறேன். பிள்ளைகள் நோட்டில் எழுதிக்கொள்கிறார்கள். யாரும் மூச்சை இழுத்துப் பார்ப்பதில்லை. யாரும் எழுந்து கேள்வி கேட்பதும் இல்லை. என் வேலையில் எனக்குக் கிடைத்த மிக நல்ல கேள்வி, நான் பாதி உண்மை சொன்ன நாளில்தான் வந்தது. இதை என்னவென்று எடுத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. திரும்பப் பழைய வரிக்குப் போய்விடலாமா என்றுகூட ஒரு நாள் யோசித்தேன். போகவில்லை.

போன மாதம் அதே பள்ளிக்கூடத்துக்குப் போனேன். அந்தப் பெண்ணைப் பார்த்துச் சொல்லிவிட வேண்டும் என்று மைக்ராஸ்கோப்போடு ஒரு தாளில் கணக்கை எழுதி எடுத்துப்போயிருந்தேன். வரவு ஒரு பக்கம், செலவு ஒரு பக்கம். அங்கே போன பிறகுதான் உறைத்தது, அது எட்டாவது வரைக்கும் உள்ள பள்ளி. அவள் ஒன்பதாவதுக்கு வேறு எங்கோ சேர்ந்துவிட்டாள்.

"நீங்க பேசிட்டுப் போனதை வச்சு சார்ட் பண்ணா மேடம், வாங்க காட்டறேன்" என்று அறிவியல் டீச்சர் மாடிப்படிக்குப் பக்கத்தில் கூட்டிப்போனார். கண்காட்சியில் மூன்றாம் பரிசு வாங்கிய சார்ட். நடுவில் அந்த இடியாப்ப அச்சு, பழுப்பு ஸ்கெட்ச் பேனாவில் பொட்டுகள்கூடச் சரியாக. சுற்றிலும் மீன், நண்டு, இறால், ஒரு போட், அதில் ஒரு ஆள். ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு அம்புக்குறி. கீழே அவள் எழுதியிருந்தாள்: "மீன்கள் எடுத்துக்கொண்டது போக மிச்சம் நிறைய இருக்கிறது. அது நமக்கு."

டீச்சரிடம் சொன்னேன். முழுவதும் பொறுமையாகக் கேட்டார். "கடைசி வரி மட்டும்தானே மேடம்? ஒயிட்னர் வச்சு மாத்திடலாமா?" என்றார். பரிசு ஸ்டிக்கர் அந்த வரிக்குப் பக்கத்திலேயே ஒட்டியிருந்தது. வேண்டாம், அவளைக் கேட்காமல் மாற்ற வேண்டாம் என்றேன். புதுப் பள்ளியின் பெயரை விசாரித்துச் சொல்வதாகச் சொன்னார். இன்னும் சொல்லவில்லை. நானும் திரும்பப் போன் பண்ணிக் கேட்கவில்லை.

கிளம்பும்போது சார்ட்டின் ஒரு மூலையில் டேப் விட்டுத் தொங்கியது. கட்டைவிரலால் அழுத்தி ஒட்டினேன். ஈரச் சுவர், சரியாக ஒட்டவில்லை. டீச்சர் உள்ளே போய் வேறு டேப் எடுத்து வந்தார். நான் மூலையைப் பிடித்துக்கொண்டேன், அவர் ஒட்டினார்.