மௌனப்படத் தேர்வுக்கு ஒரே படத்தைப் பிடித்துக்கொண்டு படித்தேன்

காட்சித் தொடர்பியல் முதுகலையில் மௌனப்படங்கள் பற்றிய தாள் எங்களுக்கு இருந்தது. மத நம்பிக்கைக்காகத் துன்புறுத்தப்பட்டவர்களின் கதைகள் பற்றி அதில் ஒரு பெரிய கேள்வி வரும். முதல் உள்தேர்வில் 'குவோ வாடிஸ்' (1913), 'இன்டாலரன்ஸ்' (1916), 'பென்-ஹர்' (1925) என்று வரிசையாகக் கதைச் சுருக்கம் எழுதினேன். பாதி மதிப்பெண்கூட வரவில்லை.

அப்புறம் ஒரே படத்தை எடுத்துக்கொண்டேன்: இயக்குநர் கார்ல் தியோடர் டிரையரின் 'தி பேஷன் ஆஃப் ஜோன் ஆஃப் ஆர்க்' (1928). கடவுளின் குரல் கேட்டதாகச் சொன்ன பிரெஞ்சுப் பெண் ஜோனை, மதவிரோதி என்று விசாரித்து எரித்துக் கொன்ற கதை. தலைப்பிலேயே தடுக்கி விழுந்தேன். 'பேஷன்' என்றால் பேரார்வம் என்று குறித்து வைத்திருந்தேன். 'இயேசுவின் பாடுகள் என்று கோயிலில் கேட்டதில்லையா?' என்றாள் தோழி. ஜோனின் சாவைக் கிறிஸ்துவின் பாடுகளோடு, அதாவது அவர் பட்ட துன்பங்களோடு, வைத்துப் பார்க்கச் சொல்கிறது அந்தத் தலைப்பு. அது புரிந்தபின், இயேசுவின் முள்முடிபோல ஜோனின் தலையில் வைக்கோல் கிரீடம் வைத்துக் கேலி செய்யும் காட்சி தானாகப் புரிந்தது.

படத்தை முதலில் சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள். இசை பின்னால் சேர்க்கப்பட்டது. எங்கே அழவேண்டும் என்று அதுவே சொல்லிவிடும். ஜோனாக நடித்த ஃபால்கொனெட்டியின் முகத்தில் ஒப்பனையே இல்லை. நீதிபதிகளைக் கேமரா கீழிருந்து பார்க்கிறது. 'குவோ வாடிஸ்' துன்புறுத்தலை அரங்கம், சிங்கங்கள், கூட்டம் என்று தூரத்திலிருந்து காட்டியது. டிரையர் அதைக் கண்ணீர் வழியும் கன்னத்துக்குக் கொண்டுவந்தார். இந்த ஒப்பீட்டை மட்டும் நிதானமாக எழுதினாலே ஒன்றரைப் பக்கம் வரும்.

அடுத்து, 1431-இல் ரூவான் நகரில் நடந்த விசாரணையின் பதிவைப் படியுங்கள். ஆங்கிலத்தில் இணையத்திலேயே கிடைக்கிறது. படத்துக்கு ஆதாரம் அதுதான். 'நீ அருள்நிலையில் (கடவுளின் அருளைப் பெற்ற நிலையில்) இருக்கிறாயா?' என்று நீதிபதிகள் ஜோனைக் கேட்கிறார்கள். ஆம் என்றால் ஆணவம், இல்லை என்றால் குற்ற ஒப்புதல். 'இல்லையென்றால் கடவுள் என்னை அதில் வைக்கட்டும். இருந்தால் அதிலேயே காக்கட்டும்' என்கிறாள், பத்தொன்பது வயதுப் பெண். அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன்.

எந்தப் பிரதி என்பதையும் கவனியுங்கள். மூல நெகட்டிவ் 1928-லேயே பெர்லினில் தீயில் போய்விட்டது. 1981-இல் நார்வேயின் ஆஸ்லோவுக்கு அருகே ஒரு மனநல மருத்துவமனையில் கிடைத்த பிரதியிலிருந்து மீட்டெடுத்ததைப் பாருங்கள்.

இறுதித் தேர்வில் அந்த அருள்நிலைக் கேள்வியிலிருந்தே விடையைத் தொடங்கினேன். கதைச் சுருக்கத்துக்கு மூன்றே வரிதான் கொடுத்தேன்.